மனுவில் இல்லாத ஆள்

கதவைத் திறந்தவன் முதலில் குத்தினான். யாரு என்று கேட்டது அதற்குப் பிறகுதான்.

குத்து ஒட்டடையின் மூக்கில் விழுந்தது. ஆறடி இரண்டங்குல உயரமும் அதற்குக் கொஞ்சமும் சம்பந்தமில்லாத எடையுமாக வளர்ந்துவிட்டதால், முப்பத்தைந்து வயதிலும் அவனுக்கு அந்தப் பட்டப்பெயர்தான் நிலைத்திருந்தது. அந்த உடம்பு நாலாக மடிந்து, ஸ்டூடியோ வாசலில் நிறுத்தியிருந்த சைக்கிளின் மேல் போய் உட்கார்ந்தது. பிறகு சைக்கிளும் அவனும் சேர்ந்து சாய்ந்தார்கள்.

"யாருடா நீ?"

"இதையே முதல்ல கேட்டிருந்தா என் மூக்கு மிச்சமாகியிருக்கும்," என்றான் ஒட்டடை, சட்டைக் கையால் ரத்தத்தைத் துடைத்துக்கொண்டு. "உங்க கையும் வலிக்காம இருந்திருக்கும்."

மறுபடி ஓங்கிய கையை ஒரு குடை குறுக்கே வந்து தடுத்தது. குடையைப் பிடித்திருந்தவள் அவன் தோளுக்குக்கூட வரமாட்டாள். ஆனால் குடை அசையவில்லை.

"போட்டோக்காரரைப் பார்க்க வந்தோம். வக்கீலம்மா அனுப்பினாங்க," என்றாள் சம்மனக்கா. "நீங்க அவரோட அண்ணன்தானே? ரெண்டு பேருக்கும் ஒரே காது."

குத்தியவனின் கை தானாகக் கீழே இறங்கியது.

இருபது வருஷம் நீதிமன்றத்தில் சம்மன் கொண்டுபோய்க் கொடுத்தவள் சம்மனக்கா. கட்டிலுக்கு அடியில், தண்ணீர்த் தொட்டிக்குள், மாமியார் புடவை மூட்டைக்குப் பின்னால் என்று ஒளிந்தவர்களையெல்லாம் தேடித் தேடி, துப்புத் துலக்குவதே தொழிலாகிவிட்டது. வேலையை விட்டபின் வக்கீல்களுக்காக ஆள் கண்டுபிடித்துக் கொடுக்கிறாள். வேன் ஓட்டுவதும் அடி வாங்குவதும் ஒட்டடையின் பொறுப்பு.

"தம்பியைப் பார்க்க முடியாது," என்றான் அண்ணன். லாரி மெக்கானிக். நகக்கண்ணில் கறுப்பு எண்ணெய். "ஆஸ்பத்திரில மயக்க மருந்து குடுத்துப் படுக்க வெச்சிருக்காங்க. சாயங்காலம் வரைக்கும் கண்ணு முழிக்கமாட்டான்."

உள்ளே போனதும் ஒட்டடை காலைப் பார்த்துப் பார்த்து வைத்தான். விளக்குகள் நொறுங்கிக் கிடந்தன. கம்ப்யூட்டர் இருந்த மேஜையில் ஒயர்கள் மட்டும் தொங்கின. கேமரா ஸ்டாண்டின் ஒரு கால் வளைந்திருந்தது. அதன் நுனியில் ரத்தம் காய்ந்து கறுத்திருந்தது.

"நேத்து ராத்திரி எட்டு மணிக்கு ரெண்டு பேர் வந்திருக்காங்க. ஒருத்தன் தாடிக்காரன், ஒருத்தன் குட்டை. தாடையை உடைச்சாங்க. அப்புறம் வலது கையை இந்த மேஜை மேல வெச்சு, அந்த ஸ்டாண்டால ஒவ்வொரு விரலா..." மெக்கானிக் நிறுத்திக்கொண்டான். "பக்கத்துக் கடைக்காரர் கேட்டிருக்கார். 'அம்மாதான் அனுப்பினாங்க, இனிமே எங்க அம்மா வீட்டைப் படம் பிடிப்பியா'ன்னு சொல்லிச் சொல்லி அடிச்சாங்களாம்."

"பேசவும் முடியாது, எழுதவும் முடியாது," என்றான் ஒட்டடை மெதுவாக. "அடிச்சவன் கணக்குப் போட்டுத்தான் அடிச்சிருக்கான்."

சம்மனக்கா பையிலிருந்து அந்தப் படத்தை எடுத்தாள்.

காலையில் வக்கீலம்மா விஷயத்தைச் சுருக்கமாகத்தான் சொல்லியிருந்தாள். அப்பா விட்டுப்போன ஒரு கல் குவாரி. அதற்கு ஒரு அண்ணன், ஒரு தங்கை. சண்டை முற்றியபோது, ஓய்வுபெற்ற இன்ஜினியர் ஒருவரை நடுவராக வைத்துக்கொண்டு அவர் சொல்வதற்குக் கட்டுப்படுவதாக இருவரும் எழுதிக் கொடுத்தார்கள். நடுவர் தீர்ப்பு தங்கைக்குச் சாதகமாக வந்தது. குவாரி நிர்வாகம் தங்கைக்கு. கிழக்குப் பக்கத்துப் பாறையில் இனி வெடியே வைக்கக் கூடாது. காரணம், அந்தப் பாறைக்கு நேர் கீழே தொழிலாளிகளின் நாற்பது வீடுகள் இருந்தன. ஏற்கெனவே சுவரெல்லாம் விரிசல்.

அண்ணன்தான் வக்கீலம்மாவின் கட்சிக்காரன். அந்தத் தீர்ப்பை ரத்து செய்யச் சொல்லி நீதிமன்றத்துக்குப் போகிறான். நடுவர் தனக்குத் தெரியாமல் தங்கை வீட்டுக்குப் போய் அவளோடு பேசிவிட்டார், தான் அன்று ஊரிலேயே இல்லை, ஆகவே தீர்ப்பு ஒருதலைப்பட்சமானது என்பது அவன் மனு. அத்தாட்சி, இந்தப் படம். தங்கை வீட்டுப் படியில் நடுவர் நிற்கிறார். இன்றைக்கு இரண்டேகால் மணிக்கு விசாரணை. எதிர்த்தரப்புக்குச் சொல்லாமலே அவசரத் தடை உத்தரவு கேட்கப் போகிறார்கள். படம் எடுத்தவன் வந்து உண்மைதான் என்று சொன்னால் நல்லது. அவனைக் கூட்டி வாருங்கள். அவ்வளவுதான் வக்கீலம்மா சொன்னது. சொல்லும்போது பேனா மூடியைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

"இந்தப் படத்துல என்ன தப்பு, சொல்லு," என்றாள் சம்மனக்கா.

"நடுவர் சிரிக்கல."

"சுவத்தைப் பாரு."

ஸ்டூடியோச் சுவர் முழுக்கப் படங்கள். கல்யாண ஜோடி, பள்ளிக்கூடக் கும்பல், நாய்க்குட்டியோடு ஒரு குழந்தை. எல்லாவற்றுக்கும் நாலு பக்கமும் விரற்கடை அளவுக்கு வெள்ளை ஓரம். ஒட்டடை கையிலிருந்த படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். மேலே வெள்ளை, கீழே வெள்ளை, வலது பக்கம் வெள்ளை. இடது பக்கம் மட்டும் மொட்டை.

"கத்தரிச்சிருக்காங்க."

"எதை?"

"அது கத்தரிச்சவனுக்குத்தான் தெரியும். தூணா, ஆளா?"

"நடுவர் கையில பாரு. மஞ்சள் ஹெல்மெட். ரகசியமா ஒரு வீட்டுக்குப் போறவர் எதுக்கு ஹெல்மெட்டைத் தூக்கிட்டுப் போறாரு?"

மெக்கானிக் எட்டிப் பார்த்தான். "அது குவாரி ஹெல்மெட். நான் லாரி ரிப்பேருக்குப் போனா எனக்கும் குடுப்பாங்க. அங்க வேலை செய்யறவங்களுக்கு வெள்ளை, வெளியாளுக்கு மஞ்சள். கேட்டுல வர்ற வரிசைப்படி ஒண்ணு, ரெண்டுன்னு நம்பர் போட்டது தருவாங்க. திரும்பிப் போறப்ப மாட்டிட்டுப் போகணும்."

நடுவர் கையிலிருந்த ஹெல்மெட்டில் கறுப்பாக ஒரு 3.

"மூணாவது தலை இங்க இருக்கு," என்றாள் சம்மனக்கா, குடையை எடுத்துக்கொண்டு. "முதல் ரெண்டு தலை யாருதுன்னு பார்த்துட்டு வருவோம், வா."

குவாரிக்குப் போகும் வழி நெடுக வெள்ளைத் தூசி. மரம், வேலி, பஸ் நிறுத்தம், அதில் உட்கார்ந்திருந்த கிழவர் எல்லாமே மாவில் புரட்டி எடுத்த மாதிரி இருந்தன. கேட்டுக்கு ஒரு நீளமான இரும்புக் கம்பம். பாதைப் பக்க முனையில் கல் கட்டி, அது மேலே தூக்கி நிற்கும்படி மறுமுனையைக் கயிற்றால் கீழே இழுத்துக் கட்டியிருந்தது. பக்கத்தில் ஒரு தகர அறை.

அறைக்குள் இருந்தவருக்கு ஒரு கைதான். முன்பு வெடி வைக்கிறவராக இருந்தாராம். கை போனதும் கேட்டில் உட்கார வைத்துவிட்டார்கள். இப்போது ஒரு கண்ணும் மூடி, கத்தரிக்காய் நிறத்தில் வீங்கியிருந்தது. உதட்டோரம் கிழிந்திருந்தது.

"வர்றவங்க கையெழுத்துப் போடற நோட்டைப் பார்க்கணும்," என்றாள் சம்மனக்கா.

அவர் நோட்டைத் தள்ளினார். சரியாக அந்தத் தேதி இருக்க வேண்டிய இடத்தில் தாள் கிழிபட்டிருந்தது.

"நடுவர் வந்த அன்னிக்கு அவர்கூட யார் வந்தாங்க?"

"ஞாபகம் இல்லைம்மா."

"சாதாரண ஆளுங்கன்னா மறக்கலாம். பெரிய மனுஷங்க வந்தது மறக்குமா?"

"இன்னிக்குக் காலைல ஏழு மணி வரைக்கும் ஞாபகம் இருந்தது. அப்புறம் ரெண்டு பேர் வந்து அடிச்சு எடுத்துட்டுப் போயிட்டாங்க."

ஒட்டடைக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் மூக்கு வலித்தது. சம்மனக்கா சிரிக்கவில்லை. ஆணிகளில் வரிசையாக மாட்டியிருந்த மஞ்சள் ஹெல்மெட்டுகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வேற ஒண்ணு கேட்கறேன். வெளியாள் ஒருத்தர் உள்ளே போறார். மேலேயிருந்து பாறை விழுந்து முகமே தெரியாமப் போயிடுது. ஆள் யாருன்னு எப்படிக் கண்டுபிடிப்பீங்க?"

ஒற்றைக்கையர் மூடாத கண்ணால் அவளை நன்றாகப் பார்த்தார்.

"நோட்டைப் பத்திப் பேசக் கூடாதுன்னாங்க. நடுவரைப் பத்திப் பேசக் கூடாதுன்னாங்க. ஹெல்மெட்டைப் பத்தி யாரும் ஒண்ணும் சொல்லலை," என்றார் யோசித்து. "பேர், எதுக்கு வந்தோம், உயிருக்கு ஒண்ணுன்னா யாருக்குச் சொல்லணும், இதையெல்லாம் அவங்க கையாலேயே ஒரு சீட்டுல எழுதி உள்பட்டையில சொருகிக்கணும். திரும்பிப் போறப்பக் கிழிச்சுப் போடணும்னு விதி. எனக்கு இருக்கறது ஒரு கை. நான் எங்க கிழிக்கறது."

ஒட்டடை ஆணியிலிருந்து ஒன்றாம் எண் ஹெல்மெட்டை எடுத்துக் கவிழ்த்தான். வியர்வை வாடை. உள்பட்டையின் அடியில் நாலாக மடித்த சீட்டு. அதில் தடித்த, அழுத்தமான எழுத்து. அண்ணன்காரனின் பெயரும் கையெழுத்தும். அதே தேதி. வந்த காரணம் என்ற இடத்தில், 'நடுவருடன் கிழக்குப் பாறையைப் பார்வையிட. பின்பு தங்கை வீட்டில் வைத்துள்ள குவாரி வரைபடத்தை மூவரும் பார்க்க' என்று எழுதியிருந்தது. உயிருக்கு ஆபத்து என்றால் யாருக்குத் தெரிவிப்பது என்ற இடத்தில் ஒரே ஒரு வார்த்தை. 'தங்கைக்கு.'

"ஊரிலேயே இல்லாதவர் நல்லா எழுதியிருக்கார்," என்றான் ஒட்டடை. ஆனால் அந்தக் கடைசி வார்த்தையிலிருந்து கண்ணை எடுக்க அவனுக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

"முதலாளிங்க ரெண்டு பேரும் எதுக்கு மஞ்சள்ல போனாங்க?" என்று கேட்டாள் சம்மனக்கா.

"தீர்ப்பு வர்ற வரைக்கும் நீங்க ரெண்டு பேருமே வெளியாளுங்கதான்னு நடுவர் சொல்லிட்டார். அந்தப் போட்டோக்காரரையும் அவர்தான் கூட்டிட்டு வந்தார், பார்த்ததுக்கெல்லாம் படம் இருக்கட்டும்னு. பாறையைப் பார்த்துட்டு ஹெல்மெட்டோடவே தங்கச்சியம்மா வீட்டுக்குப் போயிட்டு, திரும்பி வந்துதான் இங்க மாட்டினாங்க."

வெளியே ஒரு வண்டி நின்ற சத்தம் கேட்டது. ஒற்றைக்கையரின் முகம் மாறியது.

"அவங்கதான்."

சீட்டைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டு ஒட்டடை வெளியே வருவதற்கும் கடப்பாரை வருவதற்கும் சரியாக இருந்தது. தலையைத் தாழ்த்தினான். கடப்பாரை தகரச் சுவரைக் கிழித்துக்கொண்டு உள்ளே போய்ச் சிக்கிக்கொண்டது. தாடிக்காரன் அதைப் பிடுங்கும் முன்பு ஒட்டடை அவன் வயிற்றில் தலையால் முட்டினான். முட்டியது சுவரில் முட்டிய மாதிரிதான் இருந்தது. பின்னாலிருந்து குட்டையன் பெல்ட்டை அவன் கழுத்தில் போட்டு இறுக்கினான். கண் இருண்டது. முழங்கால் மடங்கியது. தாடிக்காரன் இரண்டு கைகளையும் கோத்து அவன் விலாவில் இறக்கினான். உள்ளே ஏதோ முறிந்த சத்தம் ஒட்டடைக்கே கேட்டது.

"சட்டைக்குள்ள என்னத்தடா ஒளிச்சே? எடு."

ஒட்டடைக்குப் பதில் சொல்ல ஆசைதான். காற்று இல்லை.

ஒற்றைக்கையர் இரண்டாம் எண் ஹெல்மெட்டைப் பட்டையோடு சேர்த்துப் பிடித்து, ஒரு சுற்றுச் சுற்றி, குட்டையனின் காதின் மேல் அடித்தார். காலையிலிருந்து சேர்த்து வைத்திருந்த அடி அது. பெல்ட் தளர்ந்தது. குட்டையன் காதைப் பொத்திக்கொண்டு தூசியில் உருண்டான்.

தாடிக்காரன் அவர் பக்கம் பாய்ந்தான். கேட் கம்பத்துக்கு நேர் கீழே அவன் வந்தபோது, சம்மனக்கா கயிற்றின் முடிச்சை ஒரே இழுப்பில் அவிழ்த்தாள். கம்பம் அவன் தோளில் இறங்கி, அவனைத் தரையோடு அழுத்திக்கொண்டு நின்றது. அவன் கத்திய சத்தத்தில் பாறை மேலிருந்த காக்கைகள் எழும்பின.

சம்மனக்கா அவன் முகத்தருகே குந்தினாள். "யாருப்பா அனுப்பினது?"

"அம்மா... குவாரி அம்மா..."

"சரி. உங்க அம்மா உயரமா, குட்டையா?"

தாடிக்காரன் ஒரு நொடி யோசித்தான். "உயரம்."

ஒற்றைக்கையர் காறித் துப்பினார். "எங்க சின்னம்மா என் நெஞ்சு உயரம்தான் இருப்பாங்க. இவன் அவங்களை ஜென்மத்துல பார்த்ததில்லை."

"பார்த்திருக்கமாட்டான்னு அப்பவே தெரியும்," என்றாள் சம்மனக்கா எழுந்து. "யோசிச்சுப் பாரு, ஒட்டடை. இந்த மனுவைப் பத்தி எதிர்த்தரப்புக்கு இன்னும் நோட்டீஸே போகல. நடுவரைப் பத்தி அண்ணன் கோர்ட்டுக்குப் போறதே தங்கைக்குத் தெரியாது. தெரியாத மனுவுல இருக்கற படத்துக்காக அவ எப்படி ஆள் அனுப்பி விரலை உடைப்பா?"

ஒட்டடை விலாவைப் பிடித்துக்கொண்டு தகரச் சுவரில் சாய்ந்தான். "அப்ப போட்டோக்காரரைத் தேடப் போறோம்னு யாருக்குத் தெரியும்? நமக்கு, வக்கீலம்மாவுக்கு..."

"வக்கீலம்மா யாருகிட்ட சொல்லியிருப்பாங்க?"

"நம்ம கட்சிக்காரர்கிட்ட." அவன் கழுத்தைத் தடவிக்கொண்டான். "அதாவது நம்ம ஆள் அடிச்சதைக் கண்டுபிடிக்க நாமளே போயி, நம்ம ஆள்கிட்டயே அடி வாங்கியிருக்கோம்."

ஒற்றைக்கையர் கிழக்குப் பக்கம் கையைக் காட்டினார். சாம்பல் நிறப் பாறை செங்குத்தாக நின்றது. அதன் காலடியில் தகரக் கூரைகள். கொடியில் துணிகள் ஆடின.

"இன்னொண்ணு இருக்கும்மா. தங்கச்சியம்மாவுக்குத் தெரியாம வெளி ஆளுங்களை வெச்சு அந்தப் பாறையில இருபத்திரண்டு குழி போட்டு மருந்து திணிச்சாச்சு. வெடியைத் தட்டற பெட்டியோட சாவி அண்ணன்காரர் பாக்கெட்டுல இருக்கு. ரெண்டரைக்கு உத்தரவு கைக்கு வந்துடும், நாலு மணிக்கு வந்து நானே தட்டறேன்னு சொல்லிட்டுப் போயிருக்கார். கீழ வீட்டுல ராத்திரி வேலை பார்த்தவங்க தூங்கிட்டிருப்பாங்க. வெடிச்சப்புறம் தடை நாளைக்கே ரத்தானாலும் பாறை திரும்பி ஒட்டாது."

மணி ஒன்று பத்து.

"இவனுங்களைக் கட்டிப் போடுங்க. போலீசுக்குச் சொல்லுங்க," என்றாள் சம்மனக்கா. "ஒட்டடை, வேன் ஓட்ட முடியுமா?"

"மூச்சு விடாம ஓட்டறேன். விட்டாத்தான் வலிக்குது."

நீதிமன்றத்தின் இரண்டாம் மாடித் தாழ்வாரத்தில் வக்கீலம்மா சுவரோரமாக நின்றுகொண்டிருந்தாள். பக்கத்தில் குவாரிக்காரன். பருத்த கழுத்து, கல் தூக்கிக் காய்த்த கை, அதற்குப் பொருந்தாத புதுச் சட்டை. இவர்கள் படியேறி வந்த கோலத்தைப் பார்த்ததும் அவன் பார்வை ஒட்டடையின் கழுத்தில் இருந்த பெல்ட் தடத்தில் நின்றது.

சம்மனக்கா சீட்டைக் கொடுத்தாள். நடந்ததை நாலு வாக்கியத்தில் சொன்னாள்.

வக்கீலம்மா இரண்டு தடவை படித்தாள். "நீங்க ஊர்ல இல்லைன்னு மனுவுல இருக்கு. சத்தியம் பண்ணிக் கையெழுத்துப் போட்டிருக்கீங்க."

"இப்ப அதுக்கென்ன?"

"நடுவர் அந்த வீட்டுக்குப் போனது உங்க சம்மதத்தோட. நீங்களும் கூடவே இருந்திருக்கீங்க. அப்ப இந்த மனுவுல மிச்சம் என்ன இருக்கு?"

"நான் உன் கட்சிக்காரன். என் ரகசியத்தை நீ வெளிய சொல்லக் கூடாது. சட்டம் எனக்கும் தெரியும்."

"ரகசியம் வேற, பொய் வேற. எதிர்ல பதில் சொல்ல ஆளே இல்லாத இடத்துல போய் உத்தரவு கேட்கப் போறோம். அங்க நமக்கு எதிரானதையும் நான்தான் சொல்லியாகணும். இல்லைன்னா அந்த நீதிபதி யாரை நம்பிக் கையெழுத்துப் போடுவார்?"

"பிடிக்கலைன்னா விலகிக்கோ. கீழ பத்து வக்கீல் நிக்கறான்."

"விலகினா இந்தச் சீட்டைப் பார்க்காத ஒருத்தரைப் பிடிச்சு, இதே மனுவை நாளைக்குப் போடுவீங்க."

அவன் அவள் மணிக்கட்டைப் பிடித்துத் திருகினான். சீட்டு விழவில்லை. உடனே மறு கையிலிருந்த தடித்த வழக்குக் கட்டால் அவள் முகத்தில் அறைந்தான். அவள் தலை சுவரில் மோதித் திரும்பியது. சீட்டு கை நழுவியது. ஒட்டடை குறுக்கே பாய்ந்தான். குவாரிக்காரனின் முழங்கை சரியாக முறிந்த விலாவில் இறங்க, தாழ்வாரத் தரையில் மூச்சில்லாமல் சுருண்டான். அங்கேயிருந்து பார்த்தபோது அவன் கண்ணுக்கு எதிரே சம்மனக்காவின் குடை சீட்டின் மேல் ஊன்றி நின்றது. அவள் அதைக் குனிந்து எடுத்து வக்கீலம்மாவின் கையில் மறுபடி வைத்தாள்.

கதவு திறந்தது. பெஞ்ச் கிளார்க் வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்.

"உள்ள போ," என்றான் குவாரிக்காரன் தணிந்த குரலில். "மனுவுல இருக்கறதை மட்டும் சொல்லு. நான் பின்னாலதான் உட்கார்ந்திருப்பேன்."

வக்கீலம்மா கோட்டைச் சரிசெய்துகொண்டு உள்ளே போனாள்.

நீதிமன்றத்தில் கூட்டமில்லை. எதிர்த்தரப்பு நாற்காலி காலி. ஒட்டடை கடைசி பெஞ்சில் சாய்ந்தபடி உட்கார்ந்தான். நேராக உட்கார முடியவில்லை. நீதிபதி காகிதங்களைப் புரட்டிவிட்டு நிமிர்ந்தார்.

"உங்க முகத்துல ரத்தம் வருது, அம்மா. என்ன ஆச்சு?"

படியில் வழுக்கிவிட்டது என்று அவள் சொல்லப் போகிறாள் என்று ஒட்டடை நினைத்தான். அந்த இடத்தில் அவனாக இருந்தால் அதைத்தான் சொல்லியிருப்பான்.

"என் கட்சிக்காரர் அடிச்சார், ஐயா. இப்பதான், வாசல்ல."

பின்வரிசையில் ஒரு பெஞ்ச் கிறீச்சிட்டது. வாசற்காவலர் இரண்டடி முன்னால் வந்தார்.

"அவர் ஏன் அடிச்சார்ங்கறதுதான் இந்த மனுவைப் பத்தி நான் சொல்ல வேண்டியது," என்றாள் வக்கீலம்மா. சீட்டைக் கிளார்க்கிடம் நீட்டினாள். வெட்டிய படத்தைக் காட்டினாள். மூன்று ஹெல்மெட், வரைபடம், சம்மதம், உடைந்த ஐந்து விரல், இருபத்திரண்டு குழி. ஒவ்வொன்றாக, குரலை உயர்த்தாமல் சொன்னாள். நடுவே ஒருமுறை மட்டும் உதட்டை ஒற்றிக்கொண்டாள்.

குவாரிக்காரன் பெஞ்சைத் தாண்டி எகிறினான். இரண்டு காவலர்கள் போதவில்லை. மூன்றாவது ஆள் வந்து கையைப் பின்னால் முறுக்கியபோதுதான் தரையில் முகம் பதிந்தது.

"அவர் பாக்கெட்டுல ஒரு சாவி இருக்கணும்," என்றாள் சம்மனக்கா எழுந்து நின்று. "வெடியைத் தட்டற பெட்டியோடது."

"மேஜை மேல வைங்க," என்றார் நீதிபதி.

தடித்த பித்தளைச் சாவி. மேஜையில் வைத்த சத்தம் எல்லோருக்கும் கேட்டது. நீதிபதி அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு வக்கீலம்மா பக்கம் திரும்பினார்.

"இது பொய்ன்னு உங்களுக்கு எப்பத் தெரியும்?"

ஒட்டடை மனத்துக்குள் அவளுக்குப் பதில் எடுத்துக் கொடுத்தான். பத்து நிமிஷம் முன்னாடி, ஐயா. அது பொய்யுமில்லை. சீட்டு அவள் கைக்கு வந்தே பத்து நிமிஷம்தான். நீதிபதி தலையாட்டிவிட்டு அடுத்த வழக்கைக் கூப்பிட்டிருப்பார்.

வக்கீலம்மா நிமிர்ந்து நீதிபதியைப் பார்த்தாள்.

"சீட்டு இப்பதான் வந்தது. ஆனா படத்தோட ஓரம் வெட்டியிருக்கறதை நேத்து மத்தியானமே பார்த்தேன்," என்றாள். "கேட்கணும்னு தோணிச்சு. கேட்டா கேஸ் போயிடுமோன்னு கேட்கல. எதையும் மறைக்கலைன்னு மனுவுக்கு அடியில நானும்தான் கையெழுத்துப் போட்டேன். மனசு கேட்காம, படம் எடுத்தவரைக் கூட்டிட்டு வரச் சொல்லணும்னு சாயங்காலம் கட்சிக்காரர்கிட்ட சொன்னேன். ராத்திரி எட்டு மணிக்கு அந்த மனுஷனோட விரலை உடைச்சிருக்காங்க. அவர் பேரை எடுத்துக் குடுத்தது நான்."

சம்மனக்கா தலையைக் குனிந்து குடைக் கைப்பிடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். காலையில் திறந்து திறந்து மூடிய அந்தப் பேனா மூடி அவளுக்கு அப்போதே எதையோ சொல்லியிருக்க வேண்டும் என்று ஒட்டடைக்குப் பட்டது. அவளும் கேட்டிருக்கவில்லை.

நீதிபதி எழுத ஆரம்பித்தார். உண்மையை மறைத்துப் போட்ட மனு தள்ளுபடி. நடுவர் தீர்ப்பு அப்படியே நிற்கும். போலீஸ் உடனே குவாரிக்குப் போய், தெரிந்த ஆட்களை வைத்து மருந்தை எடுக்க வேண்டும். மனுதாரரைக் காவலில் எடுக்க வேண்டும்.

"உங்களைப் பத்தியும் நான் வக்கீல் சங்கத்துக்கு எழுதியாகணும், அம்மா."

"எழுதுங்க, ஐயா."

"இப்ப சொன்னதையும் சேர்த்து எழுதுவேன்."

அவள் தலை வணங்கிவிட்டு வெளியே வந்தாள். தாழ்வாரத்தில் ஒட்டடை கை கொடுத்தான். கொடுத்தவனுக்கே பிடிமானம் தேவையாக இருந்ததால் இரண்டு பேரும் சேர்ந்து சுவரைப் பிடித்துக்கொண்டார்கள்.

"ஆஸ்பத்திரிக்குப் போகணும், வக்கீலம்மா. உங்களுக்கு உதடு, எனக்கு விலா," என்றான் ஒட்டடை.

"போகலாம். ஒரு போன் பண்ணிட்டு." அவள் சம்மனக்காவிடம் திரும்பினாள். "அந்தத் தங்கச்சி நம்பர் கேட்டுக்காரர்கிட்ட இருக்குமா?"

சம்மனக்கா ஏற்கெனவே வாங்கி வைத்திருந்தாள். துண்டுக் காகிதத்தை நீட்டினாள்.

வக்கீலம்மா மாடிப் படியில் உட்கார்ந்தாள். மூன்றாவது மணியில் மறுமுனை எடுத்தது. ஒரு பெண் குரல். அதற்குப் பின்னால் கல் உடைக்கிற இயந்திரத்தின் இரைச்சல்.

"அம்மா, நான் உங்க அண்ணனோட வக்கீல் பேசறேன். இன்னிக்கு மத்தியானம் வரைக்கும்... சரி, அதை அப்புறம் சொல்றேன். கிழக்குப் பாறையில வெடிமருந்து திணிச்சிருக்கு. முதல்ல அதுக்குக் கீழ தூங்கறவங்க எல்லாரையும் எழுப்பி வெளிய கூட்டிட்டு வாங்க. நான் போனை வெக்கமாட்டேன். வந்தப்புறம் எங்கயாவது உட்காருங்க. உங்களுக்குத் தெரியாம நான் என்னென்ன செஞ்சேன்னு முதல்லேர்ந்து சொல்லணும்."

மறுமுனையில் இயந்திரம் நின்றது. யாரோ ஓடும் சத்தமும், கதவுகளை ஒவ்வொன்றாகத் தட்டும் சத்தமும் கேட்டன. வக்கீலம்மா போனைக் காதோடு அழுத்திக்கொண்டு எண்ண ஆரம்பித்தாள். நாற்பது வரும் வரைக்கும் எண்ணினாள்.